பார்ட்லியின் நிலா

மார்கஸ் பார்ட்லி என்றால் பலருக்கு ஆள் யாரென்று பிடிபடாது. 'மாயாபஜார்' படத்தில் ஜெமினி கணேசனும் சாவித்திரியும் படகில் போகிற பாட்டு என்று சொல்லுங்கள், முகம் மலர்ந்துவிடும். கண்டசாலாவும் லீலாவும் பாடியது. அந்தப் பாட்டின் நிலா வெளிச்சம் ஒளிப்பதிவாளர் பார்ட்லியின் கைவண்ணம்.

சேலையூர் ஏரிக்கரையில், கரண்ட் போன இரவுகளில், உண்மையான நிலா வெளிச்சத்தைப் பார்த்திருக்கிறேன். தண்ணீர் மினுங்கும், பக்கத்தில் நிற்பவர் முகம் சரியாகத் தெரியாது. அன்றைய ஃபிலிமுக்கு அந்த வெளிச்சம் போதவே போதாது. விளக்குகளை வைத்துத்தான் நிலாவை உண்டாக்க வேண்டும். முகமும் தெரிய வேண்டும், இரவு என்ற நம்பிக்கையும் கெடக்கூடாது. 1957-ல், கறுப்பு வெள்ளையில், அதைச் சாதித்தார் பார்ட்லி. அதுவும் ஒரு தடவை அல்ல. தெலுங்கில் நாகேஸ்வர ராவ், தமிழில் ஜெமினி என்று இரண்டு மொழியிலும் எடுத்த படம். நிலாவும் இரண்டு முறை உதிக்க வேண்டியிருந்தது.

அவர் ஸ்டூடியோவில் வளர்ந்தவர் அல்ல. முதலில் பத்திரிகைப் புகைப்படக்காரர். பிறகு பிரிட்டிஷ் மூவிடோனுக்குச் செய்திப்படம் எடுத்தவர். செய்திப்படத்தில் 'ஒன் மோர்' கிடையாது. ரயிலிலிருந்து இறங்கும் தலைவர் நமக்காக மறுபடி ஏறி இறங்க மாட்டார். வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து வருகிறது, எதன்மேல் விழுகிறது என்று நொடியில் கண்டுகொள்ள வேண்டும். அப்படிப் பழகிய கண்தான் வடபழனி வாஹினி ஸ்டூடியோவின் தளத்துக்குள் இல்லாத நிலாவை நம்பவைத்தது என்பது என் திடமான எண்ணம். 'செம்மீன்' (1965) வந்தபோது அதே மனிதர் வண்ணத்தில், கேரளக் கடற்கரையின் நிஜ வெயிலுக்குத் திரும்பினார். படத்துக்கு ஜனாதிபதியின் தங்கப் பதக்கம் கிடைத்தது. 'சாந்தி நிலையம்' (1969) அவருக்கே தேசிய விருது வாங்கித் தந்தது.

பார்ட்லி ஆங்கிலோ இந்தியர். பரங்கிமலை, பல்லாவரம் பக்கம் வளர்ந்த எங்களுக்கு அந்தச் சமூகத்தாரை ரயில் டிரைவராகத் தெரியும், இங்கிலீஷ் டீச்சராகத் தெரியும். நம் புராணக் கதைக்கு ஒளி கொடுத்தவர் அவர்களில் ஒருவர் என்று யாரும் சொல்லித் தரவில்லை. சொல்லியிருக்க வேண்டும்.

தாம்பரத்திலிருந்து கூடுவாஞ்சேரி வரை இன்று எத்தனையோ பிள்ளைகள் கல்யாண வீடியோவும் ஆவணப்படமும் எடுக்கிறார்கள். அதைச் சின்ன வேலை என்று நினைக்காதீர்கள், தம்பிகளே. அந்தப் படகுப் பாட்டைச் சத்தத்தை நிறுத்திவிட்டு ஒருமுறை பாருங்கள். நிழல் எந்தப் பக்கம் விழுகிறது என்று மட்டும் கவனியுங்கள்.