இருமுடியில் பிளாஸ்டிக் எதற்கு, சாமி?

கார்த்திகை பிறந்தால் எங்கள் வைத்திக்குப்பத்தில் தெருவுக்கு நாலு பேராவது மாலை போட்டுவிடுவார்கள். என் வீட்டுக்காரருக்கு இது பதினோராவது வருஷம். மாலையைக் கழற்றும்வரை அவர் எனக்கும் 'சாமி'தான்! இருமுடிக்குச் சாமான் வாங்கி வைப்பது என் பொறுப்பு.

கடைகளில் இப்போது எல்லாமே செட்டாகக் கிடைக்கிறது. மஞ்சள், குங்குமம், விபூதி, அவல், வெல்லம் என்று ஒவ்வொன்றும் தனித்தனி பிளாஸ்டிக் பாக்கெட்டில். இவ்வளவும் மலையேறிப் போய்ச் சேருவது எங்கே தெரியுமா? புலிகள் வாழும் காட்டுக்கு!

சபரிமலை இருப்பது, 1978-ல் அறிவிக்கப்பட்ட பெரியாறு புலிகள் காப்பகத்துக்குள். மொத்தம் 925 சதுர கிலோமீட்டர். தாயின் தலைவலிக்குப் புலிப்பால் தேடிப் போன மணிகண்டன் புலி மேலேயே திரும்பி வந்த கதை நமக்குத் தெரியும். அந்தக் கதையின் புலி இன்றும் 'ஐயப்பனின் பூங்காவனம்' என்று நாம் கும்பிடும் காட்டில் நடமாடுகிறது.

2006 கணக்கெடுப்பில் நாடு முழுக்க 1,411 புலிகள்தான் இருந்தன. 2022-ல் 3,682. பாடுபட்டு மீட்ட எண்ணிக்கை இது. ஆனால், புலி பிழைக்க அதன் இரையும் பிழைக்க வேண்டுமே! உப்பும் இனிப்பும் ஒட்டிய பாக்கெட்டைக் கடமான் அப்படியே விழுங்கிவிடும். அது குடலை அடைத்துக்கொள்ளும். வயிற்றில் பிளாஸ்டிக்கோடு செத்துக்கிடந்த கடமான்களைச் சபரிமலைப் பக்கத்தில் பார்த்திருக்கிறார்கள். யானைக்கும் இதே ஆபத்துதான்.

அதனால் இந்த முறை எல்லாவற்றையும் மளிகைக்கடையில் சில்லறையாக வாங்கினேன். பழைய பருத்தி வேட்டியைக் கிழித்துச் சின்னச் சின்னப் பைகளாகத் தைத்தேன். மஞ்சளும் குங்குமமும் காகிதப் பொட்டலத்தில். கட்டு நிறைக்க வந்த குருசாமி பார்த்துவிட்டு, "அந்தக் காலத்துல நாங்க இப்படித்தாம்மா கட்டுவோம்" என்றார். பக்கத்து வீட்டுச் சாமிகளுக்கும் பை கேட்டார்கள். ஒரு சாயங்காலம் உட்கார்ந்து தைத்துக் கொடுத்தேன்.

மாசி மகத்துக்கு மயிலம் முருகன் முதல் எத்தனையோ சாமிகள் எங்கள் கடற்கரைக்குத் தீர்த்தவாரிக்கு வருவார்கள். அவர்களுக்காக வாசல் தெளித்துக் கோலம் போட்டு வைப்போம். ஐயப்பன் வீட்டுக்கு நாம் போகும்போது குப்பையோடு போகலாமா?

உங்கள் வீட்டிலும் யாராவது மாலை போட்டிருந்தால், கட்டு நிறைப்பதற்கு முன்னால் பிளாஸ்டிக் பாக்கெட்டையெல்லாம் வீட்டிலேயே பிரித்து எடுத்துவிடுங்கள். கூடவே ஒரு காலித் துணிப்பையும் கொடுத்தனுப்புங்கள். வழியில் வாங்கித் தின்னும் பிஸ்கட் உறை அதில் வீடு திரும்பட்டும்.