சாலையில் பூண்டி, ரயிலில் ராயபுரம்

ஊட்டி மலை ரயிலில் ஒரு தடவையாவது ஏறாதவர்களுக்கு ஜன்மம் சாபல்யமாகாது என்று நம்மவர்களிடையே ஓர் எண்ணம் பரவியிருக்கிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் வரையில் 1899-ம் வருஷத்திலும், உதகமண்டலம் வரையில் 1908-ம் வருஷத்திலும் ஓடத் தொடங்கிய அந்தப் பல்சக்கர வண்டியின் அழகைக் குறைத்துச் சொல்ல நான் வரவில்லை. 2005-ல் உலகப் பாரம்பரியச் சின்னங்களின் வரிசையில் அதற்கும் ஓர் இடம் கிடைத்தது. கிடைக்க வேண்டியதுதான். ஆனால் அந்த மலை வண்டியைப் பிடிப்பதற்காகச் சென்னையிலிருந்து ராத்திரி எக்ஸ்பிரஸில் புறப்படுகிறவர்கள், தலையணையைத் தட்டிப் போட்டுக்கொண்டு கண்ணை மூடுகிற நேரத்தில், மலை ரயிலைவிட நாற்பத்து மூன்று வருஷம் மூத்த ஒரு பாதையின் மேல் போய்க்கொண்டிருக்கிறார்கள். அது அவர்களுக்குத் தெரியாது. அந்தப் பாதையின் ஓரத்திலேயே குடியிருக்கும் எங்களுக்கும் தெரியாது என்பதுதான் விசேஷம்.

எங்கள் ஊர் வேப்பம்பட்டு. திருநின்றவூருக்கும் செவ்வாப்பேட்டைக்கும் நடுவே இருக்கிறது. வயலும் தோப்புமாக இருந்த இடத்தில் இப்போது வீட்டு மனைகளும் மாடி வீடுகளும் நிறைந்திருக்கின்றன. பொழுது விடிந்ததும் குடும்பத் தலைவர்கள் டிபன் பாத்திரத்துடன் ரயிலுக்கு ஓடுகிறார்கள்; பொழுது போன பிறகு அதே ரயிலில் திரும்பி வருகிறார்கள். அம்பத்தூர், ஆவடி, சென்னை என்று பகல் முழுவதும் வேறு ஊர்களுக்குச் சொந்தம். தூக்கம் மட்டுமே வேப்பம்பட்டுக்குச் சொந்தம். என் வகுப்புப் பிள்ளைகளிடம், "நம் ஊரில் பார்க்கத்தக்கது என்ன இருக்கிறது?" என்று ஒரு நாள் கேட்டேன். "ஒன்றும் இல்லை, ஸார். ஸ்டேஷன்தான் இருக்கிறது" என்று பதில் வந்தது. வகுப்பு முழுவதும் சிரித்தது. யோசித்துப் பார்த்தால், அதைவிடச் சரியான பதிலைப் பெரியவர்களும் சொல்லியிருக்க முடியாது.

அந்த ஸ்டேஷனைப் பார்ப்பதற்கு ஒரே நாள் பிரயாணம் ஒன்றை ஏற்பாடு செய்தோம். காலையில் சாலை வழியாகப் பூண்டி, மாலையில் ரயில் வழியாக ராயபுரம் என்று திட்டம். பன்னிரண்டு பிள்ளைகள், நாலைந்து பெற்றோர்கள். வழிகாட்டியாக, எங்கள் தெருவில் வசிக்கும் ஓய்வு பெற்ற ரயில்வே ஊழியர் ஒருவர் இசைந்து வந்தார். பிள்ளைகள் வேனில் ஏறிய ஐந்தாவது நிமிஷத்திலேயே அவர் எல்லோருக்கும் 'தாத்தா' ஆகிவிட்டார்.

ரயில் பார்க்கப் போகிறவர்கள் பூண்டிக்கு ஏன் போக வேண்டும் என்று வாசகர்கள் கேட்கலாம். ஓர் ஊரின் பெருமையை அறிய வேண்டுமானால் அதன் ஆற்றிலிருந்து தொடங்குவதுதான் முறை. திருவள்ளூரிலிருந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் தூரம் சென்றதும் கரை தெரிகிறது. கரையின் மேல் ஏறியதும் கண்ணுக்கெட்டிய மட்டும் தண்ணீர். கொசஸ்தலையாற்றை மறித்துக் கட்டிய தேக்கம் இது. காலை வெயிலில் நீர்ப்பரப்பு தகடு போல் மின்னிற்று. தூரத்தில் கொக்குகள் ஒற்றைக் காலில் நின்று எங்களைச் சிறிதும் லட்சியம் செய்யாமல் தங்கள் காரியத்தைக் கவனித்துக்கொண்டிருந்தன.

இந்த ஏரிக்குச் சத்தியமூர்த்தி சாகரம் என்று பெயர். தீரர் சத்தியமூர்த்தி சென்னை நகரத்தின் மேயராக இருந்தபோது, நகர மக்களின் தாகத்தைத் தீர்க்க வேண்டும் என்று மன்றாடி இந்தத் திட்டத்தை நிறைவேற்றப் பாடுபட்டார். 1940-ல் அஸ்திவாரம் போடப்பட்டது. உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். இரும்புக்கும் பஞ்சம், சிமெண்டுக்கும் பஞ்சம். அப்படியிருந்தும் 1944-ல் அணை முடிந்தது. சுமார் அறுபத்தைந்து லட்சம் ரூபாய் செலவாயிற்று. ஆனால் அணை முடிந்தபோது அதைப் பார்க்கச் சத்தியமூர்த்தி இல்லை. 1942-ம் வருஷப் போராட்டத்தில் சிறைப்பட்டு, உடல் நலிந்து, 1943 மார்ச் மாதம் 28-ம் தேதி அவர் காலமாகிவிட்டார்.

இதை நான் சொன்னதும் ஒரு சிறுமி, "தாம் பார்க்காத ஏரிக்கா அவ்வளவு கஷ்டப்பட்டார்?" என்று கேட்டாள்.

"பாப்பா, தென்னை வைத்தவன் எல்லாம் இளநீர் குடித்தா பார்த்தான்?" என்றார் தாத்தா.

இன்று இந்த ஏரி மூவாயிரம் மில்லியன் கன அடிக்கு மேல் கொள்ளும். 1996 முதல் கிருஷ்ணா நதியின் தண்ணீரும் ஆந்திராவிலுள்ள கண்டலேறு அணையிலிருந்து கால்வாய் வழியாக இங்கே வந்து சேர்கிறது. எங்கோ மகாபலேசுவரத்தில் பிறந்த நதி, பூண்டியைத் தொட்டுச் சென்னைக்குக் குடிநீராகப் போகிறது.

பூண்டியிலேயே தொல்லியல் துறையின் சிறிய காட்சிசாலை ஒன்று இருக்கிறது. கண்ணாடிப் பெட்டிகளில் கற்களை வரிசையாக வைத்திருக்கிறார்கள். முதலில் பிள்ளைகளின் முகத்தில் ஏமாற்றமே தெரிந்தது. கல்லைப் பார்க்கவா இவ்வளவு தூரம் வந்தோம் என்று ஒருவன் முணுமுணுத்தான். பிறகு விஷயத்தைச் சொன்னேன். இங்கிருந்து சில மைல் தூரத்தில், இதே ஆற்றின் பள்ளத்தாக்கில், அத்திரம்பாக்கம் என்று ஒரு கிராமம் இருக்கிறது. ராபர்ட் புரூஸ் பூட் என்ற பூகர்ப்ப ஆராய்ச்சியாளர் 1863-ல் அங்கே, மனிதன் கையால் செதுக்கிய கற்கோடரிகளைக் கண்டெடுத்தார். சாந்தி பப்பு அவர்களும் அவருடைய குழுவினரும் அதே இடத்தில் பல வருஷம் முறையாகத் தோண்டி ஆராய்ந்தார்கள். அந்தக் கோடரிகளில் பழமையானவை சுமார் பதினைந்து லட்சம் வருஷங்களுக்கு முற்பட்டவை என்று 2011-ல் உலகுக்கு அறிவித்தார்கள். இந்தியாவில் மனித இனத்தின் கைவேலைக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய சாட்சிகளில் இது ஒன்று.

முணுமுணுத்த பையன் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு நின்றுவிட்டான். கல்லின் இரண்டு பக்கமும் ஒரே அளவாகச் செதுக்கியிருப்பதை அவனேதான் மற்றவர்களுக்குக் காட்டினான். தங்கள் ஊரில் ஒன்றும் இல்லை என்று சொன்ன பிள்ளைகள் அல்லவா?

பதினொரு மணிக்குத் திருவள்ளூர் வந்து சேர்ந்தோம். வீரராகவப் பெருமாளைச் சேவித்து, அமாவாசைதோறும் ஜனங்கள் திரண்டு வந்து நீராடும் குளத்தங்கரையில் சற்று இளைப்பாறி, கொண்டு போயிருந்த புளியோதரையையும் தயிர் சாதத்தையும் தீர்த்துவிட்டு ஸ்டேஷனுக்கு நடந்தோம். இங்கே ஓர் எச்சரிக்கை: சென்ட்ரலுக்குப் போகும் வண்டியில் ஏறினால் ராயபுரம் வராது. கடற்கரை ஸ்டேஷனுக்குப் போகும் வண்டியாகப் பார்த்து ஏற வேண்டும். கட்டணமோ, ஹோட்டலில் ஒரு காப்பி குடிக்கும் செலவுக்குள் அடங்கிவிடும்.

வண்டி நகர்ந்ததும் தாத்தா தம் கதையைத் தொடங்கினார். இந்தியாவில் பிரயாணிகளை ஏற்றிக்கொண்டு முதல் ரயில் ஓடியது பம்பாய்க்கும் தானாவுக்கும் இடையே, 1853 ஏப்ரல் 16-ல். அடுத்த வருஷம் ஹௌராவிலிருந்து ஹூக்ளிக்கு ஓடிற்று. மூன்றாவது முறை நம்முடையது. 1856-ம் வருஷம் ஜூலை மாதம் 1-ம் தேதி ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் வாலாஜா வரையில் பாதை திறக்கப்பட்டது. தென்னாட்டின் முதல் பிரயாணி ரயில் அதுதான். தொடக்க விழாவை ஒட்டி இரண்டு வண்டிகள் விட்டார்கள். ஒன்று வாலாஜா மார்க்கமாகப் போயிற்று. மற்றொன்று திருவள்ளூருக்கு வந்தது.

"அப்படியானால் முதல் நாளே ரயில் நம் ஊர் வழியாகப் போயிற்றா?" என்று பிள்ளைகள் ஒரே குரலில் கேட்டார்கள்.

"பின்னே, பறந்தா போயிருக்கும்? தண்டவாளம் எத்தனையோ தரம் மாறிவிட்டது. கட்டை போய்க் கான்கிரீட் வந்துவிட்டது. நீராவி போய் மின்சாரம் வந்துவிட்டது. தடம் மட்டும் மாறவில்லை."

சரியாக அந்தச் சமயத்தில் வண்டி வேப்பம்பட்டில் வந்து நின்றது. தினமும் பார்க்கும் அதே பிளாட்பாரம், அதே படிக்கட்டு. ஆனால் பன்னிரண்டு பிள்ளைகளும் ஜன்னலுக்கு ஜன்னல் எட்டிப் பார்த்ததைக் கண்ட மற்றப் பிரயாணிகள், யாரோ பெரிய மனிதர் ஏறுகிறாரோ என்று தாங்களும் எட்டிப் பார்த்தார்கள்.

பெரிய மனிதர் ஒருவர் இந்த வழியாகப் போனதும் உண்டு. 1917 செப்டம்பரில் மகாத்மா காந்தி பம்பாயிலிருந்து சென்னைக்கு மெயில் வண்டியில் மூன்றாம் வகுப்பில் வந்தார். இருபத்திரண்டு பேருக்கு என்று எழுதியிருந்த பெட்டியில் அதற்கு மேலும் ஜனங்களை அடைத்திருந்ததையும், அழுக்கையும், ஏழைப் பிரயாணிகள் பட்ட அவமதிப்பையும் பத்திரிகைகளுக்கு விவரமாக எழுதினார். ராய்ச்சூர் மார்க்கமாக வந்த அந்த வண்டி அரக்கோணத்தைத் தாண்டிச் சென்னை சேர இந்தத் தடத்தைத் தவிர வேறு வழி இல்லை. எங்கள் வயல்களைப் பார்த்தபடியோ, நெரிசலில் பார்க்க முடியாமலோ, மகாத்மா எங்கள் ஊரைக் கடந்து சென்றிருக்கிறார்.

ரயிலை வெள்ளைக்காரன் நமக்குக் கொடுத்த தானம் என்று இன்னும் சிலர் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அதைப் பற்றியும் பிள்ளைகளிடம் பேசினேன். ரயில் கம்பெனிகளின் மூலதனம் சீமையிலிருந்து வந்தது மெய்தான். ஆனால் லாபம் வந்தாலும் வராவிட்டாலும் அந்த மூலதனத்துக்கு நூற்றுக்கு ஐந்து வரையில் வட்டி தருவதாகச் சர்க்கார் உறுதி கூறியிருந்தது. குறைந்த பணம் நம் குடியானவனுடைய வரியிலிருந்து போயிற்று. மண்ணைக் கொட்டிக் கரை கட்டியதும், கல்லுடைத்துப் போட்டதும் நம் கூலிகள். அவர்களில் ஒருவர் பெயரும் எந்தக் கல்லிலும் இல்லை. விலை கொடுத்தது நாம். சொந்தம் மட்டும் வெகு காலம் நம்முடையதாக இல்லை. சுதந்திரத்திற்குப் பின், 1951-ல் தென்னக ரயில்வே உருவானபோதுதான் கணக்கு நேராயிற்று.

இப்படிப் பேசிக்கொண்டிருக்கும்போதே ஸ்டேஷன்கள் ஓடின. பூசலார் நாயனார் மனத்துக்குள்ளேயே சிவபெருமானுக்குக் கோயில் கட்டிய திருநின்றவூர். 1955 ஜனவரியில் காங்கிரஸ் மகாசபை கூடிச் சோஷலிச பாணிச் சமுதாயமே லட்சியம் என்று தீர்மானித்த ஆவடி. அதே வருஷம் அக்டோபர் 2-ல் நேருஜி ரயில் பெட்டித் தொழிற்சாலையைத் திறந்து வைத்த பெரம்பூர். பெரம்பூர் வந்ததும் தாத்தா நிமிர்ந்து உட்கார்ந்தார். 1855-ல் இங்கிலாந்தில் செய்த மிகப் பழைய நீராவி இஞ்சின் ஒன்று நெடுங்காலம் காட்சிப் பொருளாகக் கிடந்தது. அதைப் பெரம்பூர் லோகோ தொழிலாளிகள் பிரித்துப் பூட்டி, 2010-ல் மறுபடி தன் காலால் ஓட வைத்தார்கள். அதைச் சொல்லும்போது, தாமே அதற்கு நெருப்பு மூட்டியவர்போல் அவர் முகத்தில் ஒரு பெருமிதம்.

வியாசர்பாடி, வண்ணாரப்பேட்டை தாண்டி வண்டி ராயபுரத்தில் நின்றது. எங்களோடு இறங்கியவர்கள் ஏழெட்டுப் பேருக்கு மேல் இல்லை. வண்டி போன பிறகு திரும்பிப் பார்த்தோம். உயர்ந்த தூண்களும் அகன்ற முகப்புமாக ஒரு பழைய மாளிகை நின்றது. 1856 ஜூன் 28-ல் சென்னைக் கவர்னர் ஹாரிஸ் பிரபு திறந்து வைத்த கட்டடம். பம்பாயிலும் தானாவிலும் முதலில் கட்டிய ஸ்டேஷன்கள் மறைந்து போயின. ஆகவே இந்தியாவில் இன்று நிற்கும் ரயில்வே ஸ்டேஷன் கட்டடங்களுக்குள் மூத்தது இதுதான். 1873-ல் சென்ட்ரல் ஸ்டேஷன் தோன்றியதிலிருந்து இதன் மகிமை மெள்ளக் குன்றிற்று. பின்னர் வந்த மதராஸ்-தெற்கு மராட்டா ரயில்வேயின் தலைமைக் காரியாலயமும் 1922-ல் இங்கிருந்து போய்விட்டது. 2005-ல் செப்பனிட்டுச் சாயம் பூசினார்கள். கூட்டம் மட்டும் திரும்பவில்லை.

பிள்ளைகள் ஒரு தூணை நாலு பேராகக் கை கோத்துக் கட்டிப் பார்த்தார்கள். ஒருவன் கேட்டான்: "ஸார், ஊட்டி ரயிலுக்கு மட்டும் அத்தனை ஜனம் போகிறதே, இதற்கு ஏன் யாரும் வரவில்லை?"

காரணம் கண்டுபிடிப்பது கடினமல்ல. மலை ரயிலில் நாம் உல்லாசத்துக்காக ஏறுகிறோம். இந்த ரயிலில் பிழைப்புக்காக ஏறுகிறோம். தினமும் உபயோகிக்கிற பொருளின் அருமை கண்ணுக்குத் தெரிவதில்லை. தேசம் நமக்குச் சொந்தமாகிவிட்டது. ரயிலும் ஏரியும் சொந்தமாகிவிட்டன. ஆனால் வீட்டுப் பத்திரம் பெட்டிக்குள் இருப்பதனால் மட்டும் வீடு நம்முடையதாகிவிடாது. எந்த அறையில் என்ன இருக்கிறது என்று தெரிந்தவனே வீட்டுக்காரன். தெரியாதவன் பாதுகாக்கவும் மாட்டான். ஆற்றுப் படுகையில் கற்கோடரி இருப்பதை அறியாதவனுக்கு அது வெறும் ஜல்லி. ராயபுரத்தின் வயதை அறியாதவனுக்கு அது இடித்துத் தள்ள வேண்டிய பழைய கட்டடம்.

ஆகையால் அரக்கோணம் மார்க்கத்தில் குடியிருக்கும் குடும்பத்தினருக்கு ஒரு விண்ணப்பம். ஊட்டிக்குப் போக வசதி வரும்போது போங்கள். அதற்குள் ஒரு ஞாயிற்றுக்கிழமையை ஒதுக்கி, குழந்தைகளைப் பூண்டிக்கும் ராயபுரத்துக்கும் அழைத்துச் செல்லுங்கள். ரயில்வே அதிகாரிகளுக்கும் ஒன்று சொல்லலாம்: ராயபுரம் முதல் வாலாஜா வரையில் உள்ள ஒவ்வொரு ஸ்டேஷனிலும், 'இந்தப் பாதை 1856-ல் திறக்கப்பட்டது' என்று நல்ல தமிழில் ஒரு பலகை இருக்கட்டும். அதற்கு அதிகச் செலவாகாது. வண்டிக்குக் காத்திருக்கும் பத்து நிமிஷத்தில், டிபன் பாத்திரமும் கையுமாக நிற்கும் மனிதர் அதைப் படிப்பார். தம் ஊரில் பார்க்கத்தக்கது என்ன என்று அவருடைய குழந்தை கேட்டால், சொல்வதற்கு அவரிடம் ஒரு பதில் இருக்கும்.