முஸ்லும் பாபாவின் குரல்

இந்த வாரம் முழுக்க துருக்கிப் பாடகர் முஸ்லும் குர்செஸின் பாட்டுகளைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறேன். துருக்கியில் அவரை ‘பாபா’ என்கிறார்கள். அப்பா!

1953இல் உர்ஃபா மாகாணத்துக் கிராமமொன்றில் பிறந்து, அதானாவில் வறுமையில் வளர்ந்தவர். தாயைத் தந்தையே கொன்றார். 1978இல் கார் விபத்து. இறந்துவிட்டதாக நினைத்துப் பிணவறைக்கே கொண்டுபோய்விட்டார்கள். பிழைத்தார். ஆனால் முகரும் சக்தி போய்விட்டது, காதும் பாதிக்கப்பட்டது. அந்தக் காதோடுதான் அதற்குப் பிறகும் முப்பது வருஷத்துக்கு மேல் பாடினார்.

அவர் பாடியது அரபெஸ்க். அந்த இசையைத் துருக்கி அரசு வானொலியும் தொலைக்காட்சியும் நெடுங்காலம் ஒதுக்கியே வைத்திருந்தன. கேசட்டுகளும் மினிபஸ்களும் அதைச் சுமந்தன. கிராமத்தை விட்டு நகரத்தின் ஓரத்தில் குடிசை போட்டவர்களின் பாட்டு அது. அவர் கச்சேரிகளில் இளைஞர்கள் பிளேடால் தங்களையே கீறிக்கொண்டார்கள் என்று படிக்கும்போது மனம் பதறுகிறது. அவ்வளவு வலியை அவர்கள் வேறெங்கே கொண்டுபோய்க் கொட்டியிருப்பார்கள்?

எனக்கு மிகப் பிடித்தது 2006இல் வந்த ‘அஷ்க் தெசாதுஃப்லெரி செவெர்’. கவிஞர் முரத்ஹான் முங்கனோடு சேர்ந்து செய்த ஆல்பம். டேவிட் போவி, லியனார்ட் கோஹன், பியோர்க் ஆகியோரின் மெட்டுகள் துருக்கி வரிகளோடு அந்தக் கனத்த குரலில் வருகின்றன. அவசரமே இல்லாத குரல். கத்தி அழ வேண்டிய இடத்தில் அவர் குரலைத் தாழ்த்துகிறார், அங்கேதான் நாம் உடைகிறோம். முன்பு முகம் சுளித்த மேல்தட்டும் பின்னாளில் அவரைக் கேட்கத் தொடங்கியது. தாமதமான மரியாதை.

2013 மார்ச்சில் இஸ்தான்புல்லில் காலமானார். கேட்க நினைத்தால் ‘பரம்பர்ச்சா’ என்ற பாட்டில் தொடங்குங்கள். மொழி தெரியவேண்டியதில்லை.