கொழுமுனையில் கிடைத்த சுவாமி

நாமக்கல்லினின்று கிழக்கே நோக்குவோர்க்கு நெடுஞ்சுவர்போல் தோன்றும் கொல்லிமலையின் பெயரைக் கேட்ட மாத்திரத்தில், சிரித்து மயக்கிக் கொல்லும் பாவையும், குகைகளில் மறைந்துறையும் சித்தர்களும் வேற்றூர்வாசிகளின் மனத்தில் வந்து நிற்பது வழக்கம். ஆனால், காரவள்ளி அடிவாரத்தினின்று புறப்பட்டு, 70 கொண்டையூசி வளைவுகளைப் பேருந்தின் கம்பியை இறுகப் பற்றியவாறே கடந்து, 1,000 மீட்டருக்கும் மேலான உயரத்தில் விரியும் மேட்டுநிலத்தை அடைகிறவர் காண்பதோ, படிப்படியாய் இறங்கும் வயல்களும், மரங்களைத் தழுவிய மிளகுக்கொடிகளும், அன்னாசித் தோட்டங்களுமே. பயங்கரத்தின் சாயல் லவலேசமும் இல்லை.

சங்ககாலத்தில் இம்மலைக்கு அதிபதியாக விளங்கிய வள்ளல் வல்வில் ஓரி, மலையமான் திருமுடிக்காரியின் கையால் மடிய, மலை சேரன் வசமாயிற்று என்பது பழம்பாடல்கள் தரும் சரித்திரம். செம்மேட்டில் நிற்கும் அவன் சிலைக்கு ஆடிப் பதினெட்டை ஒட்டி ஆண்டுதோறும் விழா எடுக்கிறார்கள். இன்றைய குடிகளோ ‘மலையாளிகள்’. பெயரைக் கொண்டு கேரளத்தை எண்ணிவிடலாகாது. தமிழே பேசும் இவர்கள், தம் முன்னோர் காஞ்சிபுரத்தினின்று வந்தவர்கள் என்பார்கள். மலையை வளப்பூர் நாடு, அரியூர் நாடு, குண்டூர் நாடு எனப் பல நாடுகளாக வகுத்து வாழ்கிறார்கள்.

இவர்களுடைய பழைய ஆகாரம் சாமை. அதன் உமி எளிதில் நீங்குவதன்று. பெண்கள் உரலிலிட்டு உலக்கையால் குத்தி, முறத்திற் புடைத்து, மறுபடியும் குத்திப் புடைத்த பின்னரே உலைக்கு அரிசி கிடைக்கும். இந்தச் சிரமம் ஒருபுறமிருக்க, சமவெளியின் ஜவ்வரிசி ஆலைகள் குச்சிக்கிழங்கைக் காசு கொடுத்து வாங்கத் தலைப்பட்டமையால், சாமை விளைந்த சரிவுகள் பல கிழங்குக் காடுகளாக மாறின. வீட்டுப் பானைக்கு விளைந்த நிலம் சந்தைக்கு விளையலாயிற்று. பயிர் மாறினும் ஜீவனம் மண்ணைக் கிளறுவதே.

பெரியகோவிலூரில், ஐயாற்றின் கரையில், அறப்பளீசுவரர் கோயில் கொண்டிருக்கிறார். காட்டைத் திருத்தி உழுத குடியானவன் ஒருவனின் கொழுமுனை பட்டு, குருதி கசிய வெளிப்பட்ட லிங்கம் அது என்பது ஸ்தல ஐதிகம். சிரசில் உள்ள தழும்பை இன்றும் காட்டுகிறார்கள். பாவையின் சிரிப்பைப் பற்றிக் கீழே உள்ளவர்கள் பேசிக்கொண்டிருக்கட்டும். மலையிலுள்ளவர்களுக்குச் சுவாமியே ஏர் ஓட்டும்போது கிடைத்தவர்தாம்.