மூட்டைக்காரன் வராத படம்

காலேஜ் ஹாஸ்டலில் என் ரூம்மேட்டின் ஹார்ட் டிஸ்க்கில் இரண்டு ஃபோல்டர்கள் இருந்தன. ஒன்று ‘உலக சினிமா’, இன்னொன்று ‘டைம்பாஸ்’. முதல் ஃபோல்டரில் ஃபெலினியின் ‘லா ஸ்ட்ராடா’. இரண்டாவதில் அர்னால்ட் வாளைத் தூக்கிக்கொண்டு நிற்கும் ‘கோனன் த பார்பேரியன்’. லா ஸ்ட்ராடாவைப் பார்த்துவிட்டு மூன்று நாள் யாரிடமும் சரியாகப் பேசாமல் திரிந்தேன். கோனனை செமஸ்டர் லீவுக்கு முந்தின ராத்திரி பன்னிரண்டு பேர் கட்டிலில் நெருக்கியடித்து உட்கார்ந்து பார்த்தோம். இரண்டிலும் டைட்டிலில் ஒரே பெயர் வருகிறது என்பதை அப்போது கவனிக்கவே இல்லை. டினோ டி லாரென்டிஸ்.

டைரக்டர் பெயரைப் பிடித்துக்கொண்டு படம் பார்க்கிற பழக்கம் நமக்கு. தயாரிப்பாளர் என்றால் சினிமா பிடித்தவர்களின் கதைகளில் பெரும்பாலும் வில்லன்தான். கலைஞன் கனவு காண்பான், இவர் கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு வருவார். நானும் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன். எனக்கே ஒரு கத்தரிக்கோல் கிடைக்கும் வரைக்கும்.

டினோ பிறந்தது 1919இல், நேபிள்ஸ் பக்கத்தில் வெசுவியஸ் எரிமலைக்குக் கீழே இருக்கும் டோரே அனுன்ஸியாட்டா என்ற ஊரில். பாஸ்தாவுக்குப் பேர்போன ஊர். அப்பா பாஸ்தா செய்து விற்பவர். பையன் பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டுவிட்டு, ஊர் ஊராகப் போய் அப்பாவின் சரக்குக்கு ஆர்டர் பிடித்தான். பிறகு ரோமுக்குப் போய், அப்போதுதான் தொடங்கியிருந்த அரசுத் திரைப்படப் பள்ளியில் நடிப்புப் படிக்கச் சேர்ந்தான். தன் முகத்துக்குப் பெரிய எதிர்காலம் இல்லை என்பது சீக்கிரமே புரிந்திருக்க வேண்டும். இருபத்தொன்று, இருபத்திரண்டு வயதிலேயே தயாரிப்புப் பக்கம் வந்துவிட்டார். சரக்கு விற்கத் தெரிந்தவன் சினிமாவுக்குள் நுழைந்தான் என்று இதை எளிதாகச் சொல்லிவிடலாம். ஆனால் விற்பவனுக்கு இன்னொரு குணமும் உண்டு. எதிரே இருப்பவனின் முகத்தைப் பார்த்துப் பேச வேண்டும். இதற்குப் பின்னால் வருகிறேன்.

போருக்குப் பிறகு 1949இல் ‘பிட்டர் ரைஸ்’ வந்தது. வட இத்தாலியின் நெல்வயல்களில் முழங்கால் தண்ணீரில் நின்று வேலை செய்யும் பெண்களின் கதை. இயக்கிய ஜுசெப்பே தெ சாந்திஸ் கம்யூனிஸ்ட். படத்தில் கூலிப் பிரச்சினையும் இருக்கிறது, சில்வானா மங்கனோவின் நடனமும் இருக்கிறது. நியோரியலிசத்தைக் கூட்டம் வருகிற மாதிரி எடுக்க முடியும் என்று காட்டிய படம் அது. அதே வருஷம் மங்கனோவை டினோ கல்யாணம் செய்துகொண்டார். அடுத்து கார்லோ போன்டியுடன் சேர்ந்து கம்பெனி. போன்டி பின்னாளில் சோபியா லாரெனின் கணவர். இந்த இருவர் கம்பெனியிலிருந்துதான் 1954இல் லா ஸ்ட்ராடா.

ஃபெலினிக்கும் டினோவுக்குமான உறவு தனிப் புத்தகம் போடுகிற அளவுக்குப் பெரியது. லா ஸ்ட்ராடாவில் ஜெல்சொமினாவாகத் தன் மனைவி மங்கனோவும், முரட்டு வித்தைக்காரன் ஜம்பானோவாக பர்ட் லங்காஸ்டரும் நடிக்கட்டும் என்பது டினோவின் விருப்பம். ஃபெலினிக்கோ தன் மனைவி ஜூலியத்தா மசீனாதான் வேண்டும். இரண்டு கணவர்களும் மோதியதில் ஃபெலினி ஜெயித்தார். படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. சில வருஷம் கழித்து ‘லா டோல்சே வீடா’வின் கதையோடு ஃபெலினி வந்தபோது, ஹீரோவாக பால் நியூமன் வேண்டும் என்றார் டினோ. ஃபெலினி மாஸ்ட்ரோயானியை விடவில்லை. டினோ விலகிக்கொள்ள, படம் வேறு தயாரிப்பாளரிடம் போய் வரலாறு ஆனது. 1960களின் நடுவில் ‘மாஸ்டோர்னாவின் பயணம்’ என்ற படத்துக்காக டினோவின் ஸ்டூடியோவில் செட்டெல்லாம் போட்ட பிறகு, ஃபெலினி எடுக்க முடியாது என்று பின்வாங்கினார். டினோ கோர்ட்டுக்குப் போனார். அந்தப் படம் கடைசிவரை எடுக்கப்படவே இல்லை.

சண்டைக்காரர்கள்தான். ஆனால் இந்த மூன்றிலும் சண்டை நேருக்கு நேர் நடந்தது. ஒருவர் ஜெயித்தார், அல்லது பிரிந்தார்கள், அல்லது வக்கீல் வைத்துக்கொண்டார்கள். நான் சொல்ல வந்தது நான்காவது சம்பவம்.

1957இல் ‘நைட்ஸ் ஆஃப் கபீரியா’. ரோம் தெருவில் பாலியல் தொழில் செய்யும் கபீரியா, ஒரு விடியற்காலையில் ஊருக்கு வெளியே ஒரு மனிதனைச் சந்திக்கிறாள். அவன் ஒரு மூட்டையோடு வருகிறான். பொட்டல்காட்டில் குழிகளிலும் குகைகளிலும் வாழ்கிறவர்களுக்குச் சாப்பாடும் துணிமணியும் கொடுத்துவிட்டுப் போகிறான். எந்த மடத்தையும் சேர்ந்தவன் இல்லை, பதிலுக்கு எதையும் கேட்கவில்லை. ஒரு குழியிலிருந்து எழுந்து வரும் கிழவியைக் கபீரியாவுக்குத் தெரியும். ஒரு காலத்தில் நகை நட்டோடு வாழ்ந்தவள், இவளைப் போலவே தொழில் செய்தவள். சுமார் ஏழு நிமிஷக் காட்சி.

டினோவுக்கு அது இழுவையாகப் பட்டது. எடுத்துவிடச் சொன்னார், ஃபெலினி மறுத்தார். அப்புறம் டினோ செய்ததை அவரே பல வருஷம் கழித்து ஒப்புக்கொண்டிருக்கிறார்: எடிட்டிங் ரூமுக்குப் போய் அந்தக் காட்சியின் நெகட்டிவை எடுத்துக்கொண்டு போய்விட்டார். சுத்தமான திருட்டு. மூட்டைக்காரன் இல்லாமலேயே படம் உலகம் முழுக்க ஓடி, ஆஸ்கரும் வாங்கியது.

இதைப் படித்தது ஒரு ராத்திரி, லேப்டாப்பில். படித்துவிட்டு லேப்டாப்பை மூடி வைத்தேன்.

நாலு வருஷத்துக்கு முன்னால், கோயம்புத்தூரில் ஒரு கம்பெனியில் டீம் லீடாக இருந்தேன். கரண்ட் பில், கேஸ் எல்லாம் கட்டுகிற ஒரு ஆப். டீமில் புதிதாகச் சேர்ந்த பையன் ஒருவன் ஒரு ஸ்க்ரீன் செய்தான். பணம் கட்டும்போது பாதியில் நின்றுபோனால் ‘பரிவர்த்தனை தோல்வி’ என்று சிவப்பில் ஒரு வரி வருமே, அதற்குப் பதிலாக, உங்கள் பணம் இப்போது எங்கே இருக்கிறது, எத்தனை நாளில் திரும்பும், அதுவரை நீங்கள் எதுவும் செய்ய வேண்டாம் என்று நிதானமாகத் தமிழில் சொல்கிற ஸ்க்ரீன். அவன் அம்மா ஒருதடவை கரண்ட் பில் கட்டி ஃபெயில் ஆகி, காசு போயிடுச்சு என்று ராத்திரி முழுக்கத் தூங்காமல் ஃபோனையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்களாம். மூன்று வாரம் வேலை செய்திருந்தான். பாதி சனி, ஞாயிறுகளில்.

ரிலீஸுக்கு முந்தின ராத்திரி அந்த ஸ்க்ரீன் சில ஃபோன்களில் மெதுவாகத் திறந்தது. சரி பண்ண இரண்டு நாள் ஆகும். நேரம் பதினொன்றரை. அவன் வீட்டுக்குப் போய்விட்டான். நான் அதை மொத்தமாகக் கழற்றிவிட்டு ரிலீஸ் அனுப்பினேன். ஃபோன் பண்ணவில்லை. தூங்கியிருப்பான் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தூங்கியிருக்க மாட்டான் என்று தெரியும். பண்ணினால் வாதாடுவான், அவன் சொல்வதில் நியாயமும் இருக்கும். அதற்கு எனக்கு அன்றைக்குத் தெம்பில்லை.

ரிலீஸ் நன்றாகப் போனது. பாராட்டு மெயில் வந்தது. காலையில் அவன் ஆப்பைத் திறந்து பார்த்துத்தான் தெரிந்துகொண்டான். என் டேபிளுக்கு வந்து, “ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேங்ண்ணா” என்றான். அவ்வளவுதான். கோபம்கூட இல்லை. ஐந்து மாதத்தில் வேறு வேலைக்குப் போய்விட்டான்.

ஆக, டினோவின் கதையை நான் நடுநிலையாகப் படிக்கவில்லை. அந்த மனிதர் கடைசியில் என்ன ஆனார் என்று தெரிந்துகொள்ள எனக்குச் சொந்தக் காரணம் இருந்தது.

போன்டியைப் பிரிந்த பிறகு டினோவின் ஆசைகள் பெரிதாகிக்கொண்டே போயின. 1960களில் ரோமுக்குத் தெற்கே தன் பெயரிலேயே ‘டினோசித்தா’ என்ற ஸ்டூடியோ நகரத்தைக் கட்டினார். தெற்கு இத்தாலியின் வளர்ச்சிக்கு அரசு கொடுத்த சலுகைகள் கிடைக்கிற எல்லைக்குள் வருகிற மாதிரி இடம் பார்த்துக் கட்டியதாகச் சொல்வார்கள். பாஸ்தா வியாபாரியின் மூளை. அங்கே ஜான் ஹூஸ்டனை வைத்து ‘த பைபிள்’. பிறகு ‘வாட்டர்லூ’, 1970. உக்ரைனில் சோவியத் ராணுவ வீரர்கள் ஆயிரக்கணக்கில் நெப்போலியன் காலத்து உடுப்பில் அணிவகுத்தார்கள். இன்றைக்கும் அந்தப் போர்க்களக் காட்சிகளைப் பார்த்தால் வாய் பிளக்கும். படம் ஓடவில்லை. இதற்குள் இத்தாலியத் திரைப்படச் சட்டமும் மாறி, சலுகை வேண்டுமென்றால் கலைஞர்கள் பெரும்பாலும் இத்தாலியர்களாக இருக்க வேண்டும் என்று இறுக்கியது. உலகச் சந்தைக்குப் படம் எடுப்பவருக்குக் கை கட்டின மாதிரி. ஸ்டூடியோவை விட்டுவிட்டு அமெரிக்கா கிளம்பினார். இப்போது அந்த இடத்தில் ஒரு தீம் பார்க் இருக்கிறது.

ஐம்பதைத் தாண்டிய வயதில், அரைகுறை ஆங்கிலத்தோடு, முதலிலிருந்து. ‘செர்பிகோ’, ‘டெத் விஷ்’, ‘த்ரீ டேஸ் ஆஃப் த காண்டோர்’ என்று மூன்றே வருஷத்தில் நியூயார்க்கின் தெருக்களை வைத்து மூன்று வெற்றிகள். 1976இல் ‘கிங் காங்’. 40 அடி உயர இயந்திரக் குரங்கைச் செய்ய 17 லட்சம் டாலர் செலவானது. அது ஒழுங்காக வேலை செய்யவில்லை. படத்தில் சில நொடிகள்தான் வருகிறது. மற்ற இடங்களில் எல்லாம் ரிக் பேக்கர் என்ற மேக்கப் கலைஞர் குரங்கு உடைக்குள் வியர்த்துக்கொண்டு நடித்தார். ஆனால் விளம்பரம் முழுக்க அந்த 40 அடிக் குரங்குதான். டெமோவில் மட்டும் வேலை செய்கிற சாஃப்ட்வேரை விற்றவர்களுக்கு இந்தக் கதை சிரிப்பும் வரவழைக்கும், கொஞ்சம் உறுத்தவும் செய்யும்.

1981இல் மகன் ஃபெடரிகோ அலாஸ்காவில் விமான விபத்தில் இறந்துபோனான். 1984இல் வந்த ‘ட்யூன்’ அவனுக்குத்தான் சமர்ப்பணம். மகள் ரஃபாயெல்லா தயாரிப்பு, டேவிட் லின்ச் இயக்கம், சுமார் 40 மில்லியன் டாலர் செலவு. இறுதி வெட்டு லின்ச் கையில் இல்லை. பெரிய கதையை இரண்டேகால் மணி நேரத்துக்குள் அமுக்கினார்கள். படம் விழுந்தது. அந்த அனுபவத்தைப் பற்றிப் பேசவே லின்ச் கடைசிவரை விரும்பியதில்லை.

இந்த இடத்தில் கதை முடிந்திருக்க வேண்டும். ட்யூன் மாதிரி ஒரு தோல்விக்கு அப்புறம் தயாரிப்பாளரும் டைரக்டரும் ஒரே லிஃப்டில்கூட ஏற மாட்டார்கள். ஆனால் லின்ச்சின் அடுத்த படத்தையும் டினோவே எடுத்தார். இந்தமுறை பேரம் மேசை மேல் வைத்து நடந்தது: பட்ஜெட்டைக் குறைத்துக்கொள், உன் சம்பளத்தையும் குறைத்துக்கொள், இறுதி வெட்டு உன்னுடையது. லின்ச் சம்மதித்தார். சுமார் 6 மில்லியன் டாலரில் 1986இல் வந்தது ‘ப்ளூ வெல்வெட்’. கதையைக் கண்டு மற்றவர்கள் பயந்த படம். டினோ சொன்ன சொல்லைக் காப்பாற்றினார், ஒரு ஃப்ரேமைக்கூடத் தொடவில்லை. லின்ச் சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் பரிந்துரை வரை போனார்.

நெகட்டிவைத் தூக்கிக்கொண்டு போனதும் இதே கைதான். முப்பது வருஷத்தில் அவர் நல்லவராகிவிட்டார் என்று சொல்ல மாட்டேன், அவர் அப்படிப்பட்ட ஆளே இல்லை. ஆனால் பேரம் என்றால் எதிரே ஒருத்தர் உட்கார்ந்திருக்க வேண்டும், அவர் முடியாது என்றும் சொல்லலாம். கபீரியாவில் அவர் ஃபெலினிக்கு அந்த வாய்ப்பைக் கொடுக்கவில்லை. லின்ச்சுக்குக் கொடுத்தார். இழுவையான காட்சியை எடுக்கச் சொல்வது தயாரிப்பாளரின் வேலை. அந்த ஸ்க்ரீனை ரிலீஸிலிருந்து எடுத்ததும் என் வேலைதான், இன்றைக்கும் அப்படித்தான் முடிவெடுப்பேன். பதினொன்றரை மணிக்கு ஃபோனை எடுக்காததுதான் நான் செய்தது.

டினோவின் மிச்சக் கதை வேகமானது. வடக்கு கரோலினாவின் வில்மிங்டனில் கட்டிய ஸ்டூடியோ, ‘மேன்ஹன்டர்’, ‘ஈவில் டெட் 2’, 1988இல் திவால். ஹனிபல் லெக்டர் பாத்திரத்தின் உரிமை அவரிடம் இருந்தது. ‘மேன்ஹன்டர்’ ஓடாததால், அடுத்த நாவலைப் படமாக்கியவர்களுக்கு அந்தப் பெயரைக் காசு வாங்காமலே கொடுத்துவிட்டார். அந்தப் படம் ‘த சைலன்ஸ் ஆஃப் த லாம்ப்ஸ்’, ஐந்து ஆஸ்கர். எண்பது வயதில் விடாப்பிடியாகத் திரும்பி வந்து, மூன்றாவது நாவலை வாங்கி 2001இல் ‘ஹனிபல்’ எடுத்து சம்பாதித்தார். அதே வருஷம் ஆஸ்கர் மேடையில் தால்பெர்க் விருது. 2010 நவம்பரில், 91 வயதில் இறந்தார்.

மூட்டைக்காரன் 1998இல் திரும்பி வந்தான். புதுப்பித்த பிரதியில் அந்தக் காட்சியைச் சேர்த்தார்கள். நான் பார்த்தது அந்தப் பிரதியைத்தான். டினோ சொன்னதில் தப்பில்லை, படம் அந்த இடத்தில் மெதுவாகத்தான் போகிறது. ஆனால் அந்தக் கிழவியைப் பார்த்த பிறகு கபீரியாவின் பயம் என்ன என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. கடைசியில் அவள் எல்லாவற்றையும் விற்றுவிட்டுக் கல்யாணத்துக்குக் கிளம்பும்போது வயிற்றைப் பிசைகிறது. ஃபெலினி இந்தப் புதுப்பித்த பிரதியைப் பார்க்கவில்லை. அவர் 1993லேயே போய்விட்டார்.

போன வருஷம் கஸ்டமர்களிடமிருந்து ஒரே புகார் திரும்பத் திரும்ப வந்தது: பணம் எங்கே போனது என்று புரியவில்லை. பழைய கோடைத் தேடி எடுத்தேன். நாங்கள் எதையும் எரிப்பதில்லை, எல்லாம் அப்படியே கிடக்கும். மெதுவாகத் திறந்ததைச் சரி பண்ண ஒன்றரை நாள் ஆனது. ஒவ்வொரு வரிக்குப் பக்கத்திலும் அவன் பெயரும் தேதியும் இருந்தது. பாதி, ஞாயிற்றுக்கிழமைகள்.

ரிலீஸுக்கு முந்தின நாள் சாயங்காலமே அவனுக்கு ஃபோன் பண்ணினேன். அவன் ஸ்க்ரீனை நாளைக்குப் போடப் போகிறோம், இரண்டு வாக்கியத்தைச் சுருக்கியிருக்கிறேன், பரவாயில்லையா என்று கேட்டேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை.

“எந்த ரெண்டு வாக்கியம்ங்ண்ணா?” என்றான்.

படித்துக் காட்டினேன். ஒன்றுக்குச் சரி என்றான். இன்னொன்றுக்கு முக்கால் மணி நேரம் வாதாடினான். அது அப்படியேதான் இருக்கிறது.