சிவப்பு ரயில்
(இறுதியாண்டு இயந்திரவியல் மாணவன்)

சாயங்காலம் கிண்டியில் மின்சார ரயில் ஏறித் தாம்பரம் வருபவர்களுக்குக் கூட்டம் எப்படியிருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை. அப்படி நெருக்கியடித்துக்கொண்டு வந்த ஒரு நாள்தான் என் நண்பனுக்கு வீட்டிலிருந்து போன் வந்தது. லேத் மிஷின் பக்கத்தில் நின்று "இன்னா மச்சி" என்று கத்துகிறவன், கதவோரம் திரும்பி, ரகசியம் போல "ஓம் அம்மம்மா... வாறன்" என்றான்.

நான் ஒன்றும் கேட்கவில்லை. குரோம்பேட்டை தாண்டியதும் அவனே சொன்னான்: "நாங்க சிலோன்டா. நான் பொறந்ததே கேம்ப்லதான். ஸ்கூல்ல பேச்சை வெச்சுக் கிண்டல் பண்ணாங்க. அதுலேருந்து வெளிய அப்படிப் பேசறதில்ல."

மூன்று வருஷமாக ஒரே பெஞ்ச். எனக்குத் தெரியாது!

அடுத்த ஞாயிறு சேலையூரில் அவன் வீட்டில் லேப்டாப்பில் ஒரு டாக்குமெண்டரி பார்த்தோம். 'டீமன்ஸ் இன் பாரடைஸ்'. எடுத்தவர் ஜூட் ரட்ணம், இலங்கையிலேயே வாழும் தமிழர். 1983 ஜூலை கலவரத்தில் ஐந்து வயதுப் பையனாக, ஒரு சிவப்பு ரயிலில் கொழும்பிலிருந்து வடக்கே தப்பி ஓடியவர். வளர்ந்தபின் அதே பாதையில் கேமராவோடு போகிறார். பத்து வருஷ உழைப்பு. 2017-இல் கான் திரைப்பட விழாவில் சிறப்புக் காட்சியாகத் திரையிட்டார்கள். (பத்து வருஷம்! நாம் ஒரு புராஜெக்ட் ரெக்கார்டை எத்தனை நாளில் முடிக்கிறோம் என்பதை இங்கே சொல்லப்போவதில்லை.)

படத்தின் முதல் பாதியில் நமக்குக் கோபம் வருவது சுலபம். அடித்தவர்கள் வேறு ஆட்கள். பிறகுதான் கஷ்டம். முன்னாள் போராளிகள், கனடாவிலிருந்து வந்த இயக்குநரின் மாமா உட்பட, தமிழ் இயக்கங்கள் ஒன்றையொன்று கொன்றதைப் பேசுகிறார்கள். 2018-இல் யாழ்ப்பாணத்துத் திரைப்பட விழாவில் இந்தப் படத்தை எதிர்ப்பினால் நிறுத்திவிட்டார்கள்.

அம்மம்மா எங்கள் பின்னால் முறத்தில் அரிசி பார்த்துக்கொண்டிருந்தார். வெள்ளவத்தையில் குடியிருந்தவர். 83-இல் யாழ்ப்பாணம், 90-இல் படகு, மண்டபம் முகாம், கடைசியில் இங்கே. 1964 புயல் வரை எழும்பூரிலிருந்து நம்ம தாம்பரம் வழியாகத்தான் போட் மெயில் தனுஷ்கோடிக்கு ஓடியது. அங்கே கப்பல் ஏறினால் தலைமன்னார், பிறகு கொழும்புக்கு ரயில். சின்ன வயசில் அப்பாவோடு அதில் மெட்ராஸ் வந்ததை எனக்கு ஆசையாகச் சொல்வார். 83-இலிருந்து 90 வரை நடந்ததை மட்டும் சொன்னதில்லை.

படத்தில் 1986 பற்றிய பேச்சு வந்தபோது முறத்தின் சத்தம் நின்றது.

"உதை நிப்பாட்டு தம்பி" என்றார். நண்பன் நிறுத்தினான். சுவரில் மாலை போட்ட படம் ஒன்று இருக்கிறது, அவனுடைய மாமா. ராணுவம் சுட்டது என்றுதான் அவனுக்குச் சொல்லி வளர்த்திருந்தார்கள்.

"மாமா ஆமியால சாகேல்ல. எங்கட பெடியள்தான். மற்ற இயக்கம். சாப்பிட்டுக்கொண்டிருந்தவன், கை கழுவவும் விடேல்ல."

நண்பன் எதுவும் பேசவில்லை. அம்மம்மா கொஞ்ச நேரம் கழித்து, "இந்தத் தம்பிக்குத் தேத்தண்ணி போட்டுக் குடு" என்று மறுபடியும் முறத்தை எடுத்துக்கொண்டார்.

மீதிப் படத்தை நாங்கள் இன்னும் பார்க்கவில்லை. அவன் அம்மாவுக்கு இது தெரியுமா என்று அவனும் கேட்கவில்லை. கேட்டாயா என்று நானும் அவனைக் கேட்கவில்லை.