பெயர் யாருக்கு, கதை யாருக்கு?

ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்கு பஸ் ஏறினால் சுமார் அரை மணி நேரம். இறங்கியதும் கண்ணில் படுவது கோபுரம், அடுத்து பால்கோவா கடை. ஆனால் 'ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா' வாங்க அந்த ஊருக்கே போக வேண்டும் என்று யார் சொன்னது? தமிழ்நாட்டில் எந்த பஸ் ஸ்டாண்டில் நின்றாலும் அந்தப் பெயரில் ஒரு போர்டு தொங்கும். பால் எந்த ஊர்ப் பாலோ, அடுப்பு எந்த ஊர் அடுப்போ! 2019ல் புவிசார் குறியீடு கிடைத்த பிறகுதான் அந்தப் பெயருக்குச் சட்டப்படி ஒரு வேலி வந்தது.

காமர்ஸ் படிப்பவர்களுக்கு இது புதிதல்ல. ஒரு கடையை விற்றால் மேஜை, நாற்காலி, சரக்கு எல்லாவற்றுக்கும் விலை போடுவோம். அதற்கு மேல் 'நற்பெயர்' என்று ஒரு தொகை வரும். கையால் தொட முடியாத சொத்து. ஆனால் பல சமயம் அதுதான் பெரிய சொத்து.

சரி, பால்கோவாவுக்குப் பொருந்துவது கதைக்குப் பொருந்துமா? பத்திரிகையில் வேலை பார்த்துக்கொண்டே ஒருவர் துப்பறியும் கதை எழுதுகிறார். கதை சக்கைப்போடு போடுகிறது. அந்தக் கதை யாருடையது? எழுதியவருடையதா, சம்பளம் கொடுத்தவருடையதா? அந்தப் பெயரின் மதிப்பு யார் கணக்கில் வரவு?

முதலில் வெளியூர் ஆள் ஒருவரைப் பார்த்துவிடலாம். ஃப்ரெடெரிக் ஃபோர்சைத். இங்கிலாந்துக்காரர், 1938ல் பிறந்தவர். இளம் வயதில் விமானப்படை பைலட், அப்புறம் உள்ளூர்ப் பத்திரிகை நிருபர், 1961லிருந்து ராய்ட்டர்ஸ். பாரிஸில் இருந்தபோது பிரெஞ்சு அதிபர் டி கால் மீது நடந்த கொலை முயற்சிகளை அருகிலிருந்து பார்த்தவர். பிறகு பிபிசி. நைஜீரியாவிலிருந்து பயாஃப்ரா பிரிந்து போர் மூண்டபோது அங்கே போனார். அந்தப் போரை எப்படிச் சொல்வது என்பதில் நிர்வாகத்தோடு ஒத்துப்போகவில்லை. 1968ல் வேலையை விட்டார்.

ஊர் திரும்பியபோது வேலையும் இல்லை, காசும் இல்லை. 1970 ஜனவரியில் ஒரு டைப்ரைட்டரோடு உட்கார்ந்து, 35 நாளில் ஒரு நாவலை முடித்தார். அதுதான் 'தி டே ஆஃப் தி ஜேக்கல்'. டி காலைக் கொல்ல வரும் வாடகைக் கொலையாளியின் கதை. "டி கால் கொல்லப்படவில்லை என்று ஊருக்கே தெரியுமே, இதில் என்ன சஸ்பென்ஸ்?" என்பது பதிப்பாளர்களின் கேள்வி. நாலு பேர் வேண்டாம் என்று சொன்ன பிறகு, 1971ல் புத்தகம் வந்தது. முடிவு தெரிந்த கதையையும் ஜனம் விழுந்து விழுந்து படித்தது. காரணம், அதில் இருந்த நிருபர் வேலை. போலி பாஸ்போர்ட் எப்படி எடுப்பது, துப்பாக்கியை எப்படிப் பிரித்து மறைப்பது என்று செய்தி அறிக்கை போலவே எழுதியிருந்தார்.

ஆனால் இங்கே கவனிக்க வேண்டியது கணக்குப் பக்கம். சினிமா உரிமைக்குப் பேச்சு வந்தபோது அவருக்கு இரண்டு வழி இருந்தது. கொஞ்சம் குறைந்த தொகையோடு லாபத்தில் சிறு பங்கு, அல்லது மொத்தமாக 20,000 பவுண்டு. கையில் காசில்லாத மனிதர் மொத்தத் தொகையை வாங்கிக்கொண்டார். 1973ல் வந்த படம் உலகம் முழுக்க ஓடியது. அதில் அவருக்குப் பங்கு இல்லை! ஆனாலும் நாவல் அவருடையது, பெயர் அவருடையது. அடுத்தடுத்த நாவல்களை அந்தப் பெயரே விற்றுக்கொடுத்தது. 2025 ஜூன் 9 அன்று, 86 வயதில் அவர் மறையும் வரைக்கும் அந்தப் பெயருக்கு மார்க்கெட் இருந்தது.

நம் பக்கம் அப்படி யாராவது உண்டா? நிறையவே உண்டு. ஆனால் ஒரு வித்தியாசம். ஃபோர்சைத் வேலையை விட்ட பிறகு கதை எழுதினார். நம் ஆட்களுக்குக் கதை எழுதுவதே வேலையின் ஒரு பகுதி. வார இதழுக்குப் பக்கம் நிரம்ப வேண்டும், அடுத்த வாரமும் வாசகர் கடைக்கு வர வேண்டும். "கொலை செய்தது யார்?" என்ற கேள்வியை விட அதற்கு நல்ல தூண்டில் ஏது?

தேவனை எடுத்துக்கொள்ளுங்கள். இயற்பெயர் மகாதேவன், 1913ல் திருவிடைமருதூரில் பிறந்தவர். இருபது வயதை ஒட்டி ஆனந்த விகடனில் சேர்ந்தவர், 1942லிருந்து அதன் நிர்வாக ஆசிரியர். அவர் படைத்த சாம்பு ஒரு அசட்டு பேங்க் குமாஸ்தா. மூளை இல்லை, அதிர்ஷ்டம் மட்டும் உண்டு. தடுக்கி விழுந்தால் திருடன் மேல் விழுவார்! ஷெர்லாக் ஹோம்ஸ் உலகத்தையே தலைகீழாகத் திருப்பிப்போட்ட ஐடியா அது. 'ஜஸ்டிஸ் ஜகந்நாதன்' இன்னொரு ரகம். ஒரு கொலை வழக்கை வைத்துக்கொண்டு கோர்ட் எப்படி நடக்கிறது என்பதை வாசகருக்குப் பாடம் எடுக்காமலே காட்டிவிடுவார்.

இவ்வளவு எழுதியவர் 1957 மே மாதம், 43 வயதில் இறந்துபோனார். அவருடைய நாவல்கள் பெரும்பாலும் புத்தகமாக வந்தது அதற்குப் பிறகுதான். அதுவரை ஜனங்கள் என்ன செய்தார்கள்? வாரா வாரம் தொடர்கதைப் பக்கங்களைக் கிழித்துச் சேர்த்து, தைத்து, பைண்டு பண்ணி வைத்துக்கொண்டார்கள். பழைய வீட்டுப் பரண்களில் இன்றும் கிடைக்கும் அந்தத் தடித்த அட்டை வால்யூம்கள் வாசகர்களே போட்ட பதிப்புகள். எழுதியவருக்கு அதில் காலணா கிடையாது.

அடுத்து ரா.கி.ரங்கராஜன். 1927ல் பிறந்தவர், கும்பகோணத்துக்காரர். குமுதத்தில் நாற்பது வருஷத்துக்கு மேல் உழைத்தவர். சிறைக் கைதியின் தப்பியோட்டத்தைச் சொல்லும் 'பாப்பிலான்' புத்தகத்தை 'பட்டாம்பூச்சி' என்று தமிழில் தொடராகத் தந்தவர் இவர்தான். ஒரே இதழில் ஒரே ஆள் மூன்று நாலு இடத்தில் எழுதினால் என்ன செய்வது? ஆளுக்கொரு பெயர்! சூர்யா, ஹம்ஸா, மாலதி, முள்றி, அவிட்டம், திகில் கதைக்கு கிருஷ்ணகுமார், சினிமாத் துணுக்குக்கு வினோத். எல்லாம் ஒருவரே. வாசகர் கண்ணுக்கு ஒரு பெரிய எழுத்தாளர் பட்டாளம் தெரியும். பத்திரிகைக்கு அது லாபம். ஆனால் எழுதியவருக்கு? ஒரே கடையின் சரக்கை ஏழு போர்டில் பிரித்து விற்ற மாதிரி. 2012ல் அவர் மறைந்தபோதுகூட, 'அந்த கிருஷ்ணகுமார் இவரா?' என்று கேட்டவர்கள் இருந்திருப்பார்கள்.

இப்போது மூன்றாவது ஆள். பெயரின் விலையை முழுசாகப் புரிந்துகொண்ட மனிதர். தமிழ்வாணன்.

1926ல் தேவகோட்டையில் பிறந்தவர், சொந்தப் பெயர் ராமநாதன். 'அணில்' என்ற சிறுவர் பத்திரிகையில் ஆசிரியராக இருந்து, அப்புறம் 'கல்கண்டு' இதழுக்கு வந்தார். கல்கண்டு ஒரு துணுக்கு மூட்டை. உலகச் செய்தி, உடம்புக்கு வைத்தியம், கேள்வி பதில், கூடவே ஒரு துப்பறியும் தொடர். அந்தத் தொடரில் வந்தவர்தான் சங்கர்லால். சாம்புவுக்கு நேர் எதிர். பதற்றமே இல்லாத, தேநீர் குடித்துக்கொண்டே யோசிக்கும் துப்பறிவாளர். வடஇந்தியப் பெயர் மாதிரி இருந்தாலும் பேசுவது சுத்தத் தமிழ். சங்கர்லால் சென்னையோடு நிற்கவில்லை. ஹாங்காங், பெர்லின், நியூயார்க் என்று பறந்தார். ஊர் எல்லையைத் தாண்டாத வாசகர்களுக்கு அந்த நகரங்களின் பெயர்களே ஒரு கிறக்கம். ஃபோர்சைத்துக்குப் போலவே இவருக்கும் கதை என்பது தகவலை ஏற்றிப்போகும் வண்டிதான். ஃபோர்சைத் வண்டியில் உளவுத்துறை விவரம் போனது, தமிழ்வாணன் வண்டியில் பொது அறிவு போனது.

பத்திரிகை அவருடையதல்ல, குமுதம் குழுமத்துடையது. அதாவது அவரும் தேவனைப் போல, ரா.கி.யைப் போல, இன்னொருவர் இதழில் வேலை பார்த்தவர்தான். ஆனால் இரண்டு காரியம் வித்தியாசமாகச் செய்தார்.

ஒன்று, தன்னையே டிரேட்மார்க் ஆக்கினார். தொப்பி, கறுப்புக் கண்ணாடி. இது இரண்டும் இல்லாமல் அவர் படத்தைப் பார்ப்பதே அபூர்வம். முகவரி எழுதாமல் ஒரு தொப்பியும் கண்ணாடியும் மட்டும் வரைந்து போட்ட கடிதம் அவருக்குப் போய்ச் சேர்ந்தது என்று சொல்வார்கள். கூடவே 'துணிவே துணை' என்று ஒரு வாசகம். படம், பெயர், வாசகம் மூன்றும் சேர்ந்தால் அதற்குப் பெயர் என்ன? இன்று எம்பிஏ வகுப்பில் 'பிராண்டிங்' என்று பாடம் நடத்துகிறார்களே, அதுதான்.

இரண்டு, 'மணிமேகலை பிரசுரம்' என்று சொந்தப் பதிப்பகம். இதழில் வந்தது வாரத்தோடு போகும், புத்தகமாக வந்தது வீட்டுக்கு வரும். 1977ல், 51 வயதில் அவர் இறந்தார். தேவனை விட சில வருஷம்தான் அதிகம். ஆனால் அவர் குடும்பத்தின் கையில் புத்தகங்களும் இருந்தன, அச்சிடும் பதிப்பகமும் இருந்தது, தொப்பி போட்ட ஒரு பெயரும் இருந்தது.

அப்படியானால் தமிழ்வாணன் ஜெயித்தார், மற்ற இருவரும் தோற்றார்கள் என்று முடித்துவிடலாமா? அவ்வளவு சுலபம் இல்லை. நற்பெயரை ஒரே தடவை வாங்கிப்போட்டால் போதாது, வருஷா வருஷம் கொஞ்சம் கொஞ்சமாகப் போக்கெழுத வேண்டும் என்று கணக்குப் பதிவியலில் ஒரு வழக்கம் உண்டு. பெயரின் பளபளப்பு காலத்தோடு தேயும் என்பது அதன் பொருள். சங்கர்லாலை இன்று எடுத்துப் படிக்கும் இருபது வயது வாசகருக்கு அந்த ஹாங்காங்கில் பெரிய கிறக்கம் வராது. போனிலேயே ஹாங்காங் தெருவைப் பார்த்துவிடலாமே! ஆனால் சாம்பு தடுக்கி விழுந்தால் இன்றும் சிரிப்பு வருகிறது. பிராண்ட் இல்லாமல் போன தேவனைச் சரக்கு காப்பாற்றியது. எழுதியவர் அனுபவிக்க வேண்டியது அவருக்குக் கிடைக்கவில்லை என்பது மட்டும்தான் வருத்தம். 'நல்ல எழுத்து தானே நிற்கும்' என்று சொல்வது வாசகருக்கு ஆறுதல். மாதக் கடைசியில் அது யாருக்கும் அரிசி வாங்கித் தராது.

சட்டம் இதில் என்ன சொல்கிறது? இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957 ஜூனில் இயற்றப்பட்டு, 1958 ஜனவரியில் அமலுக்கு வந்தது. தேவன் இறந்த அடுத்த மாதம்! அதன் 17வது பிரிவு சுவாரஸ்யமானது. பத்திரிகையில் சம்பளத்துக்கு வேலை பார்ப்பவர் இதழுக்காக எழுதினால், இதழில் வெளியிடும் உரிமை முதலாளிக்கு. மற்ற எல்லா உரிமையும், அதாவது புத்தகம், நாடகம், சினிமா எல்லாம், எழுதியவருக்கு. வேறு மாதிரி ஒப்பந்தம் போடாத வரைக்கும்! அந்தக் கடைசி நிபந்தனையில்தான் எல்லாமே இருக்கிறது.

பத்திரிகை அல்லாத கம்பெனியில் வேலை பார்த்தால் கதை வேறு. விளம்பர நிறுவனத்திலோ வீடியோ தயாரிக்கும் ஆபீஸிலோ சம்பளத்துக்கு ஸ்கிரிப்ட் எழுதினால், ஒப்பந்தம் வேறு மாதிரி இல்லாத பட்சத்தில் மொத்த உரிமையும் முதலாளிக்குத்தான். சம்பளமில்லாமல் தனியாக எழுதித் தருபவருக்கு உரிமை அவரிடமே இருக்கும், எழுத்து மூலம் மாற்றிக் கொடுக்காத வரை. அப்படி மாற்றிக் கொடுக்கும் பத்திரத்தில் எத்தனை காலம் என்று சொல்லவில்லை என்றால் ஐந்து வருஷம்தான் செல்லும். எந்தெந்த நாடு என்று சொல்லவில்லை என்றால் இந்தியாவுக்குள் மட்டும்தான் செல்லும். 19வது பிரிவு. பி.காம். வகுப்பில் வணிகச் சட்டம் என்றால் ஒப்பந்தச் சட்டத்தோடு நின்றுவிடுகிறோம், இந்தப் பக்கம் யாரும் எட்டிப் பார்ப்பதில்லை.

எழுதியவர் ஆயுள் முழுவதும், இறந்த பிறகு 60 வருஷமும் இந்த உரிமை நீடிக்கும். அந்தக் கணக்கில் தேவன் எழுதியதற்கு 2017 முடிவோடு காலம் முடிந்தது. இனி யார் வேண்டுமானாலும் சாம்புவை அச்சடிக்கலாம். தமிழ்வாணன் எழுதியதற்கு 2037 வரை இருக்கிறது.

ராஜபாளையத்திலிருந்தும் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்தும் வருஷா வருஷம் எத்தனையோ பேர் சென்னைக்கு ரயில் ஏறுகிறார்கள். அதில் எழுதத் தெரிந்தவர்கள் சிலர் பத்திரிகைக்கும், டிவிக்கும், யூடியூப் சேனல்களுக்கும் போகிறார்கள். முதல் நாள் ஒரு தாளை நீட்டி, "இங்கே ஒரு கையெழுத்து, இங்கே ஒரு கையெழுத்து" என்பார்கள். வேலை கிடைத்த சந்தோஷத்தில் யாரும் படிப்பதில்லை. ஃபோர்சைத்துக்கும் அவசரம்தான், கையில் காசில்லை. ஆனால் அவர் விட்டது ஒரு படத்தின் பங்கு மட்டும். அந்தத் தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போடுபவர் எதை விட்டுக்கொடுக்கிறார் என்று அவருக்கே தெரியாது. கொலையாளியைக் கண்டுபிடிக்கக் கடைசி அத்தியாயம் வரை காத்திருக்கலாம். ஒப்பந்தத்தை மட்டும் முதல் நாளே, கடைசிப் பக்கம் வரை படித்துவிட வேண்டும்.